கல்லும் கரகமும்

சிலப்பதிகாரத்தின் மூன்றாங் காண்டத்தை மிகையெனக் கருதுவார் உளர். மதுரை எரியுண்டதோடு கதை முற்றியதென்றும், வடதிசைச் செலவும் கற்கோளும் சேரன் புகழ் கூறற்பொருட்டுப் பின்னே இயைக்கப்பட்டனவென்றும் அவர் கூறுவர். அவருள்ளும் வரந்தரு காதையைப் பொறுப்பார் மிகச் சிலர். தேவந்தி மீது தெய்வமேறுதலும், கரகநீர் பட்ட சிறுமியர் பழம்பிறப்புணர்ந்து அரற்றுதலும் காவியச் சுவைக்கு இழுக்கென்பது அன்னார் கருத்து. அடியார்க்குநல்லாருரை இக்காண்டத்துக்குக் கிடையாமையின், அரும்பதவுரையைத் துணைக்கொண்டு கற்போர் இப்பகுதியை விரைந்து கடந்து போதலும் வழக்கமாயிற்று. அங்ஙனம் கடந்து போகற்பாலதன்று அக்கரகம்.

முதற்கண் கல்லை நோக்குதல் வேண்டும். காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுதல், பெரும்படை, வாழ்த்தல் எனக் கல்நாட்டும் முறையைத் தொல்காப்பியம் வகுத்தது. போரில் வீழ்ந்த மறவனுக்குரிய அம்முறையை வணிகர் குலத்துப் பெண்ணொருத்திக்கு உரியதாக்கியமை இளங்கோவடிகளின் புதுமை. ஆயினும் மறவனுக்குக் கல்லெடுப்போர் அவன் பெயரும் செயலும் அறிந்தோர். ஈண்டோ, வேங்கை நிழலில் நின்ற ஒருமுலையிழந்தாளைக் கண்ட குன்றவர் அவள் எந்நாட்டாள், யார் மகள் என்பதறியார். மதுரையில் நிகழ்ந்ததைச் சாத்தனார் சொல்லிய பின்னரே அவள் யாரென்பது சேரனுக்குப் புலனாகின்றது. புகாரில் நிகழ்ந்தது அப்பொழுதும் தெரிந்திலது. முழுக்கதையும் அறிந்தார் ஒருவரும் அவ்வவையில் இல்லை.

இனி, அக்கல் வந்த வழி யாது? இமயத்தில் எடுத்து, கனக விசயர் முடித்தலையில் ஏற்றி, கங்கையில் நீராட்டி, 32 திங்கள் கழிந்தபின் வஞ்சிக்குக் கொணரப்பட்டது. இடையே நிகழ்ந்த போர் 18 நாழிகையில் முடிந்தது. கல் கண்ணகிக்கென எடுக்கப்பட்டதேனும், நெடுந்தொலைவு அது பேசுவது செங்குட்டுவன் வெற்றியையே. அவள் துயரைக் கேட்டோர் பட்ட துயருக்கு அதில் இடமில்லை.

அத்துயரைக் கங்கைக் கரைக்குக் கொண்டு வருபவன் மாடலன். மதுரைச் செய்தியைத் தான் புகாரிற் கூறக் கேட்டுக் கோவலன் தாயும் கண்ணகி தாயும் உயிர்விட்டனர், தந்தையர் இருவரும் துறவு பூண்டனர் என்கின்றான் அவன். அடைக்கலம் காக்கவியலாத மாதரி தீப்பாய்ந்ததும், கவுந்தி உண்ணாநோன்பில் உயிர்துறந்ததும் அவன் வாய்மொழியே. தன் சொற் கேட்டோர் இறந்தமையாற் பற்றிய தீவினை நீங்கவே கங்கையாட வந்ததாகவும் கூறுகின்றான். கதை சொல்லுதலே பாவமாய்ப் பற்றிய ஒருவனை அடிகள் படைத்திருப்பது ஊன்றி நோக்கற்பாலது. அம்மகளிர் மூவர் இறப்பும் அவன் உரையிற் சில அடிகளில் முடிந்துவிடுகின்றன. அவர் நெஞ்சிலிருந்தது யாதென்று ஒருவரும் வினவிற்றிலர்.

கோவலன் தாய்க்கு அது முதன்முறையுமன்று. மகனும் மருகியும் இருளில் ஊர்விட்டேகியபோது அவளிடம் ஒரு சொல் உரைத்தாரல்லர். மதுரைக்குச் செல்லும் வழியில் கோசிகன் வாயிலாகப் பெற்றோர் துயரறிந்த கோவலன், தானொரு திருமுகம் எழுதினானில்லை. மாதவி தனக்கு விடுத்த ஓலையின் பொருளே பெற்றோர்க்கும் பொருந்துமெனக் கண்டு, அதனையே அவர்க்குப் போக்கினான். பிறள் கையெழுத்தே தாய்க்குக் கிடைத்த கடைசிச் செய்தி.

இவ்வாறு சொல்லப்படாது நின்றதனைச் சொல்லுவித்தற்கே கரகம் வருகின்றது. மலைச்சுனை நீரை அக்கரகத்தோடு மாடலன் கையிற் கொடுத்தவன் பாசண்டச் சாத்தன். தேவந்தி மேல் ஏறி நின்று, அந்நீரைத் தெளிக்குமாறு பணிப்பவனும் அவனே. அரட்டன் செட்டியின் இரட்டைப் பெண்களும் சேடக்குடும்பியின் இளமகளும் நீர் பட்ட அளவில் அழத் தொடங்குகின்றனர். யாருமில்லா அயல்நாட்டிற் கணவனோடு துன்புற்ற மகளைத் தன் தோழியென விளித்தழைக்கின்றது ஒரு குழவி. அது கண்ணகியின் தாய். தன்னோடிருந்த மருகியையும் உடன்கொண்டு நள்ளிருளிற் போன மகனை எண்ணிப் புலம்புகின்றது மற்றொன்று. அது கோவலன் தாய். வையையில் நீராடி மீண்டு, ஊரார் வாய்ச் செய்தி கேட்டு, மனையில் அவனைக் காணாது தேடுகின்றது மூன்றாவது, அவள் மாதரி. அரசனைப் பழித்தலோ பழிவாங்குமாறு வேண்டுதலோ அவர் சொல்லில் இல்லை. இல்லத்தைவிட்டுப் போனவரை வாவென்றழைத்தல் மாத்திரமே உண்டு. முதியோர் துயரைக் குழவியர் வாயில் வைத்தமையால் அது ஒப்பாரியாய் நீளாது சிலவடியில் நிற்கின்றது. சிறுமியர் வாயினின்று வருதலினாலேயே கேட்போர் நெஞ்சை அறுக்கின்றது.

முற்பிறப்புக் கோட்பாட்டை ஏற்காதார்க்கு இக்காட்சி சுவையாதெனின், அது பொருந்தாது. கோட்பாடு ஈண்டுக் கருவியே. இறந்தார் பேசுதற்கு வேறு வாயில் இல்லை. மாடலன் இதற்குக் கூறும் காரணவுரைதான் சற்றே வறட்சியுடையது. அன்பு பற்றி அம்மூவரும் வஞ்சியிற் பிறந்தாரென்னும் அவ்விளக்கமின்றியே குழவியரின் அழுகை பொருள் தரும். இக்குறையை மறைத்தல் வேண்டா.

அவ்வவைக்கண் கடல்சூழிலங்கைக் கயவாகுவும் இருந்தான் என்பது நூல் கூறுவது. மட்டக்களப்புப் பகுதிக் கண்ணகையம்மன் கோயில்களில் வைகாசிச் சடங்கின்போது வழக்குரை காவியம் பாடப்பெறுதலும், ஈற்றில் திருக்குளிர்த்தி நிகழ்தலும் அறியாதார் ஈழத்திற் சிலரே. கதையை முற்றும் பாடிய பின்னரே அங்குத் தெய்வம் குளிர்விக்கப்படுகின்றாள். இதனை அக்கரகநீரின் நேர்வழித் தொடர்ச்சியெனத் துணிதற்குச் சான்றில்லை. எனினும் கதை முற்றக் கேட்கப்படாது சினமும் துயரும் ஆறா என்னும் உணர்வு இரண்டற்கும் பொதுவாயுள்ளது.

கரகத்தின் வேலை சிறுமியரோடும் நின்றுவிடவில்லை. இறுதியில் அடிகளே கோட்டத்துட் செல்கின்றார். தேவந்தி மேல் தோன்றிய தெய்வம், நூலெங்கும் அவர் தம்மைப்பற்றிச் சொல்லாது வைத்திருந்ததனைச் சொல்லுகின்றது: தந்தையருகிருந்தபோது நிமித்திகன் அரசுரிமை அவருக்கென்றதும், தமையன் உளம் நோவாதவாறு அக்கணமே அவர் துறந்ததும். பிறர் கதையெல்லாம் எழுதியவர், தம் கதையைத் தாம் கூறாது, அவள் கூறக் கேட்டு நிற்கின்றார்.