எல்லாரும் ஷெர்பாதான்

பசங் என்றால் வெள்ளிக்கிழமை. பெம்பா என்றால் சனி. நிமா ஞாயிறு, மிங்மா செவ்வாய். எவரெஸ்ட் பக்கத்து நேபாள கிராமங்களில் பல வீடுகளில் பிள்ளை எந்தக் கிழமை பிறந்ததோ, அதையே பேராக வைத்துவிடுகிறார்கள். ஆணா பெண்ணா என்ற பேதம்கூடப் பார்ப்பதில்லை. பின்னால் ஒரு ‘ஷெர்பா’ சேர்த்தால் ஆச்சு, முழுப் பேர் ரெடி.

ஷெர்பா என்றால் கிழக்கத்தி ஆட்கள் என்று அர்த்தம். திபெத்திலிருந்து மலையைத் தாண்டி வந்து குடியேறிய ஓர் இனம். அவர்களுக்குள் குலப் பெயர்கள் தனியாக உண்டு. ஆனால் காகிதத்தில் குடும்பப் பெயர் எழுதும் இடத்தில் இனத்தின் பெயரே ஏறி உட்கார்ந்துவிட்டது. பாஸ்போர்ட் விண்ணப்பத்தில் ‘சர்நேம்’ என்ற கட்டத்தைப் பார்த்து முழித்துவிட்டு, அப்பா பேரை எழுதிக் கொடுத்த நமக்கு இந்தச் சங்கடம் புரியும். நமக்கு அத்தோடு போச்சு. அவர்களுக்கு, இனத்தின் பெயர் குடும்பப் பெயராகி, குடும்பப் பெயர் வேலையின் பெயராகவும் ஆகிவிட்டது. 2023-ல் டெல்லியில் ஜி20 உச்சி மாநாடு நடந்தபோது, நம் அரசின் சார்பில் பேச்சுவார்த்தை நடத்திய அமிதாப் காந்த் வகித்த பதவிக்கே ‘ஷெர்பா’ என்றுதான் பேர். உச்சிக்கு மற்றவர்கள் ஏற, மூட்டை தூக்குகிறவர்!

கேட்க வேடிக்கையாகத்தான் இருக்கிறது, சாவு வருகிறவரை. 2014 ஏப்ரல் 18 காலை, எவரெஸ்ட்டின் தோளிலிருந்து வீடு வீடாகப் பனிப்பாளங்கள் உடைந்து விழுந்தன. பதினாறு பேர் பலி. ‘16 ஷெர்பாக்கள் மரணம்’ என்று உலகம் பூரா தலைப்பு போட்டார்கள். அந்தப் பட்டியலில் தமாங் உண்டு, குருங் உண்டு. அவர்கள் ஷெர்பா இனமே கிடையாது. இருந்தால் என்ன? மூட்டையோடு செத்தவர் எல்லாரும் ஷெர்பாதான்.

அந்த நாளைப் பற்றிய ஆவணப்படம்தான் ஜெனிஃபர் பீடம் இயக்கிய ‘ஷெர்பா’. 2015-ல் வெளிவந்தது. அதே வருஷம் ஹாலிவுட்டிலிருந்து ‘எவரெஸ்ட்’ என்று ஒரு பிரமாண்டப் படமும் வந்தது. இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள். ஒரே மலையா இது என்று சந்தேகம் வந்துவிடும்.

‘எவரெஸ்ட்’ 1996 மே மாதப் புயலின் கதை. நியூசிலாந்துக்காரர் ராப் ஹால், உச்சிக்குப் பக்கத்தில் சிக்கிக்கொண்டு, சாட்டிலைட் போன் வழியாகக் கர்ப்பிணி மனைவியோடு கடைசியாகப் பேசுகிறார். நிஜமாக நடந்தது. கல் நெஞ்சும் கரையும், சந்தேகமில்லை. அதே புயலில் லோப்சாங் ஜங்பு ஷெர்பா என்று ஓர் இளைஞர் இருந்தார். இன்னொரு குழுவின் ஷெர்பாக்களுக்குத் தலைவர். தன் முதலாளி ஸ்காட் ஃபிஷர் நடக்க முடியாமல் உட்கார்ந்தபோது, கொட்டும் பனியில் கூடவே உட்கார்ந்திருந்தவர். முன்னால் போய்க் கயிறு கட்டாமல் ஒரு பெண் வாடிக்கையாளரை இழுத்துக்கொண்டு ஏறினார் என்று, ஜான் க்ராக்கவரின் ‘இன்டு தின் ஏர்’ புத்தகத்தில் அவர் மேல் கடுமையான விமரிசனம் உண்டு. புத்தகம் 1997-ல் வந்தது. அதற்கு முன்பே, 1996 செப்டம்பரில், அதே மலையில் இன்னொரு பனிச்சரிவில் லோப்சாங் போய்விட்டார். ராப் ஹாலின் கடைசி நேரம் லட்சக்கணக்கானவர்களுக்கு மனப்பாடம். லோப்சாங்கின் கடைசி நிமிஷங்களை நான் எந்த சினிமாவிலும் பார்த்ததில்லை.

பெயர் பெற்ற ஷெர்பாக்களே எப்படிப் போனார்கள் என்று பார்த்தால், ஒரு விஷயம் பளிச்சென்று தெரிகிறது. சாகசம் அவர்களைக் கொன்றதைவிட வேலை கொன்றதுதான் அதிகம். பாபு சிரி ஷெர்பாவை எடுத்துக்கொள்ளுங்கள். 1999-ல் ஆக்ஸிஜன் சிலிண்டர் இல்லாமல் எவரெஸ்ட் உச்சியில் 21 மணி நேரம் தங்கிய மனிதர். மறு வருஷம், அடிவார முகாமிலிருந்து 17 மணி நேரத்துக்குள் உச்சியைத் தொட்டார். பத்து முறை ஏறியவர். தான் படிக்கவில்லை, ஊரில் பிள்ளைகளாவது படிக்கட்டும் என்று பள்ளிக்கூடம் கட்ட அலைந்தவர். 2001 ஏப்ரல் 29 அன்று, இரண்டாவது முகாமில், கூடாரத்துக்குப் பக்கத்தில் போட்டோ எடுத்துக்கொண்டிருந்தபோது பனிப்பிளவுக்குள் விழுந்து இறந்தார். உச்சியில் ஒரு ராத்திரி முழுக்கத் தூங்காமல் தப்பித்தவரை, ஒரு சாதாரண சாயங்காலம் கொண்டுபோனது.

பசங் லாமு ஷெர்பா வேறு மாதிரி. 1993 ஏப்ரல் 22, எவரெஸ்ட் ஏறிய முதல் நேபாளப் பெண். மூன்று தடவை தோற்று நான்காவது தடவை ஜெயித்தார். இறங்கும் வழியில் கூட வந்தவருக்கு உடம்பு முடியவில்லை, வானிலையும் கெட்டது. திரும்பவில்லை. உடலை இறக்கிக் காத்மாண்டுவுக்குக் கொண்டுவந்தார்கள். சிலை வைத்தார்கள், தபால்தலை போட்டார்கள், ஒரு சிகரத்துக்கே அவர் பேரை வைத்தார்கள். சம்பளத்துக்காக ஏறாமல் தனக்காக ஏறிய ஷெர்பா என்பதால் கிடைத்த மரியாதை இது என்பது என் கணிப்பு. சிலிண்டரே இல்லாமல் பத்து முறை ஏறிய ஆங் ரீட்டா ஷெர்பா 2020-ல், 72 வயதில், காத்மாண்டுவில் நோய்வாய்ப்பட்டுக் காலமானார். நம் பாடப்புத்தக டென்சிங் 1986-ல் டார்ஜிலிங்கில் மூளை ரத்தக்கசிவால் இறந்தார். படுக்கையில் சாவது இந்தப் பேர்காரர்களுக்கு ஓர் அதிர்ஷ்டம்.

எவரெஸ்ட்டின் முதல் சாவுகளே கூலியாட்களின் சாவுகள்தான். 1922 ஜூன் 7, பிரிட்டிஷ் குழுவோடு போன ஏழு பேர் பனிச்சரிவில் புதைந்தார்கள். அந்தக் குழுவில் இருந்த டாக்டர் ஹோவர்ட் சோமர்வெல், பிற்பாடு நெய்யூர் மிஷன் ஆஸ்பத்திரிக்கு வந்து பல வருஷம் அறுவை சிகிச்சை செய்தார். ஆமாம், கன்னியாகுமரி மாவட்டத்து நெய்யூர்தான், அன்றைக்குத் திருவிதாங்கூர். எங்களில் ஒரு வெள்ளைக்காரனாவது அவர்களோடு ஏன் சாகவில்லை என்ற குமுறலை அவர் எழுதியே வைத்திருக்கிறார். அப்படி வெட்கப்பட்ட குரல்கள் அதற்குப் பின் வந்த மலையேற்றப் புத்தகங்களில் குறைவு.

பீடத்தின் படத்தில் வெட்கமும் இருக்கிறது, கோபமும் இருக்கிறது. படம் எடுக்கப் போனது 21 தடவை எவரெஸ்ட் ஏறிய ஃபுர்பா டாஷி ஷெர்பாவின் 22-வது ஏற்றத்தை. நடுவில் பனி விழுந்து கதையே மாறிவிட்டது. வாடிக்கையாளர்கள் சில தடவை கடந்தால் போதும் என்கிற பனிப்பாறைக் காட்டை, சுமை தூக்குகிறவர்கள் ஒரு சீசனில் இருபது முப்பது தடவை, அதுவும் இருட்டில், கடக்க வேண்டும். பி.காம். படித்த புத்திக்கு இது உடனே உறைக்கும். ஆபத்தை யார் தலையில் எழுதியிருக்கிறது என்று இதைவிடத் தெளிவாகக் காட்டும் கணக்குப் புத்தகம் வேண்டாம்.

இன்னொரு கணக்கும் உண்டு. அந்த வருஷம் ஏழு வெளிநாட்டவர் கொண்ட குழு, ஏறுவதற்கான அனுமதிக்காக மட்டும் நேபாள அரசுக்குக் கட்டிய தொகை 70,000 டாலர். பதினாறு பேர் செத்ததும், குடும்பத்துக்கு அரசு முதலில் அறிவித்தது 40,000 நேபாள ரூபாய். நம் காசில் 25,000. கட்டாய ஆயுள் காப்பீடு பத்து லட்சம் நேபாள ரூபாயாக இருந்தது. கொதித்தெழுந்த பிறகு பதினைந்தாக ஆக்கினார்கள்.

ஷெர்பாக்கள் இனி ஏறமாட்டோம் என்கிறார்கள். அப்போது படத்தில் ஒரு வாடிக்கையாளர் கேட்கிறார் பாருங்கள், இவங்களோட ‘ஓனர்’ கிட்ட பேசிப் பார்க்க முடியாதா என்று! இயக்குநர் ஒரு வார்த்தை விமரிசனம் சேர்க்கவில்லை. கேமராவை வைத்துக்கொண்டு சும்மா நிற்கிறார். படத்தின் உச்சம் எனக்கு அதுதான்.

ஆனாலும் குறை சொல்லாமல் இருக்க முடியவில்லை. ஃபுர்பா டாஷியின் வீடு, மனைவியின் பயம், தாயாரின் முகம் எல்லாம் நமக்குப் பழகிவிடுகின்றன. செத்த பதினாறு பேர் அந்த அளவுக்குப் பழகுவதில்லை. ஹெலிகாப்டரில் கயிறு கட்டித் தொங்கவிட்டு ஒவ்வோர் உடலாகக் கொண்டுவருகிறார்கள். பார்க்கவே பதறுகிறது. அந்தக் கயிற்றில் தொங்கும் ஆள் எந்தக் கிழமை பிறந்தவர் என்று ஒரு நிமிஷம் நின்று சொல்லியிருந்தால் இந்தப் படம் இன்னும் பெரிய படம்.

மொத்தம் பதின்மூன்று உடல்களைத்தான் எடுக்க முடிந்தது. மூன்று பேர் பனிக்குள்ளேயே இருந்துவிட்டார்கள். ஃபுர்பா டாஷி அந்த 22-வது தடவை ஏறவில்லை.