நாள்வாழ்வும் சமூகவியலும்: புதுமைப்பித்தன் கதையொன்றை முன்வைத்து ஓர் ஆய்வு

இலக்கியத்தைச் சமூகவியலோடு இயைத்துக் காணும் முயற்சி தமிழுக்குப் புதிதன்று. க. கைலாசபதி 1968-இல் வெளியிட்ட 'தமிழ் நாவல் இலக்கியம்' இவ்வழியில் நெடுந்தொலைவு சென்ற நூல். எனினும், இத்தகைய ஆய்வுகளில் நிலவுடைமை, வர்க்கம், அரசியல் மாற்றம் முதலிய பெரும்பொருள்களே பெரிதும் இடம்பெறுகின்றன. காப்பிக்குக் காசு கொடுத்தல், வந்தவரை முறை சொல்லி அழைத்தல், கணக்கேட்டில் வரவு வைத்தல் போன்ற சிறு நிகழ்ச்சிகள் ஆய்வாளர் கண்ணிற் படுவது அரிது. மக்கள் வாழ்வின் பெரும்பகுதியோ இச்சிறு நிகழ்ச்சிகளால் ஆயது. இவற்றை ஆராயும் சமூகவியல் ஒரு சிறுகதையை எத்துணை விளக்க வல்லது, எவ்விடத்தே அது நின்றுவிடுகிறது என்று காண்பதே இக்கட்டுரையின் நோக்கம். எடுத்துக்கொண்ட கதை, புதுமைப்பித்தன் 1943-இல் எழுதி வெளியிட்ட 'கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்'.

இக்கதையைக் கடவுளை எள்ளும் நகைச்சுவைக் கதை என்றே பலரும் கொள்வர். நகை உண்டு, அதனை மறுப்பார் இலர். ஆனால், அந்நகை எங்கிருந்து பிறக்கிறது என்பது வினா. கடவுள் கடவுளாக இருப்பதால் அது பிறக்கவில்லை. அவர் சென்னைத் தெருவின் அன்றாட வழக்கங்களை அறியாதவராக வந்து நிற்பதால் பிறக்கிறது. தொல்காப்பியர் நாடக வழக்கு எனவும் உலகியல் வழக்கு எனவும் இரண்டு கூறி, அவை இயைந்த இடத்தே புலனெறி வழக்கம் அமையும் என்றார். ஈண்டு, நாடக வழக்கிற்குரிய கடவுளை உலகியல் வழக்கின் நடுவே ஆசிரியர் நிறுத்திவிடுகிறார். அவ்வாறு நிறுத்திய அளவில், நாம் நாள்தோறும் கண்டும் காணாத உலகியல் புலப்படத் தொடங்குகிறது.

1. கணக்கிடும் மனம்

கதையின் தொடக்கத்தில் கந்தசாமிப் பிள்ளை பிராட்வேயும் எஸ்பிளனேடும் கூடும் மூலையில் நிற்கிறார். டிராமில் செல்வதா, பஸ்ஸில் செல்வதா, நடப்பதா. எதனைத் தேர்ந்தால் வெற்றிலைக்குக் காசு மிஞ்சும், எதனால் அரைக் கோப்பைக் காப்பி கிட்டும் என அவர் மனம் கணக்கிடுகிறது. 1953-இல் டிராம் நின்றது, அணாவும் வழக்கொழிந்தது. அக்கணக்கு மட்டும் இன்றும் நின்றபாடில்லை.

ஜெர்மானியச் சமூகவியலறிஞர் ஜார்ஜ் சிம்மல் 1903-இல் பெருநகர வாழ்வு பற்றி ஒரு கட்டுரை வரைந்தார். நகர மாந்தன் எதனையும் எண்ணாலும் பணத்தாலும் அளக்கப் பழகுகிறான். அப்பழக்கம் ஓயாது தாக்கும் நகர நெருக்கடியினின்று அவனைக் காக்கும் கவசமும் ஆகிறது என்பது அவர் கருத்து. இதனை அறிந்தபின், பிள்ளையின் காசுக் கணக்கை வறுமையின் அடையாளமாக மட்டும் கொள்ள இயலாது. அது அவர் உலகத்தோடு உறவாடும் முறை. காப்பிக் கடையில் கடவுள் மூன்றணாக் கணக்கிற்கு நூறு ரூபாய் நோட்டை நீட்டும்போது, கடைக்காரர் வியப்புறவில்லை, ஐயுறுகிறார். காப்பி பருக வந்தவரோ, சில்லறை மாற்ற வந்தவரோ என்பதே அவர் ஐயம். கொடையாளி என்று மண்ணுலகம் போற்றும் ஒருவர், பணத்தின் இலக்கணம் அறியாமையால் மோசக்காரராகத் தோன்றுகிறார்.

2. முறைப்பெயரும் வேடமும்

எர்விங் காஃப்மன் ஸ்காட்லாந்தின் வடக்கே உள்ள ஷெட்லாண்டுத் தீவொன்றில் தங்கி மக்கள் பழகும் முறையைக் கண்டு, 1956-இல், நாள்வாழ்வில் மாந்தர் தம்மைப் பிறர்க்குக் காட்டிக்கொள்ளும் வகை பற்றி ஒரு நூல் இயற்றினார். ஒவ்வொருவரும் பிறர்முன் ஒரு வேடம் பூண்கின்றனர். அவ்வேடம் நிலைபெறுவது காண்போர் ஏற்பினாலேயே என்பது அதன் சாரம்.

கந்தசாமிப் பிள்ளை கடவுளை வீட்டுக்கு அழைத்துச் சென்று, கைலாசபுரத்துப் பெரியப்பா என்று அறிமுகம் செய்கிறார். தமிழ்க் குடும்பத்தில் முறைப்பெயர் இல்லாதவருக்கு இடமில்லை. பெயர் வழங்கியவுடன் அவர் எங்கே அமர்தல் வேண்டும், எவரோடு எங்ஙனம் பேசுதல் வேண்டும் என்பன எல்லாம் தாமே அமைந்துவிடுகின்றன. இப்பொய் வேடம் எளிதில் நிலைபெறுகிறது. அதற்கு மாறாக, கடவுள் தம் மெய்யான கூத்தை ஆடிக் காட்டும் இடத்தில், கலை அறிந்தவர் எனப்படும் பெரியவர் அதனை ஒப்பவில்லை. கடவுள் பெரியப்பாவாக வெல்கிறார், கடவுளாகத் தோற்கிறார். காஃப்மன் நூலுக்குப் பதின்மூன்று ஆண்டு முன்னரே இவ்வுண்மையைத் தமிழ்ச் சிறுகதை கண்டுகொண்டது எனின் மிகையன்று.

3. வரமும் சந்தாவும்

கதையின் உயிர்நாடி வரம் பற்றிய ஒப்பந்தமே. வீட்டுக்கு வருமுன் பிள்ளை விதிக்கும் கட்டுப்பாடு, வரம் கொடுக்கும் வித்தை தம்மிடம் கூடாது என்பது. ஒரு தெய்வம் வரத்தைத் தந்து போய்விடும். பின்னர் இன்னொரு தெய்வம் வந்து தலையைக் கேட்கும் என அவர் அஞ்சுகிறார்.

பிரெஞ்சு அறிஞர் மார்செல் மாஸ் 1925-இல் வெளியிட்ட கொடை பற்றிய ஆய்வு, இவ்வச்சத்தின் வேரைக் காட்டுகிறது. கைம்மாறு கருதாக் கொடை என்று ஒன்றில்லை. கொடுத்தல், ஏற்றல், திருப்பித் தருதல் என்ற மூன்று கடப்பாடுகளும் ஒன்றையொன்று தொடர்வன என்று அவர் பல நாட்டு வழக்கங்களால் நிறுவினார். திருப்பித் தர இயலாக் கொடை பெற்றவனைத் தாழ்த்திவிடும். பக்தி இலக்கியம் அத்தாழ்வைப் பேறாகப் பாடிற்று. பிள்ளை அதனைக் கடனாகக் காண்கிறார். ஆகவே, வரத்தை மறுத்துத் தம் 'சித்த வைத்திய தீபிகை'க்கு ஆயுட் சந்தா கேட்கிறார். இதழைக் கொடுத்துப் பணம் பெறுவதில் ஏற்றத்தாழ்வு இல்லை. இறுதியில் கடவுள் மறைந்தபின், மேசைமேற் கிடந்த இருபத்தைந்து ரூபாயைக் கைலாசபுரத்துப் பிள்ளை ஒருவர் பெயரில் வரவு வைக்கிறார். கடவுளுக்கு ஊரும் பெயரும் பட்டமும் கொடுத்து, அவரைச் சந்தாதாரர் ஆக்கிய அவ்வொரு பதிவில், மாந்தன் கடவுளோடு கணக்குத் தீர்த்துக்கொள்கிறான்.

4. சமூகவியலின் எல்லை

இதுகாறும் கண்டவற்றால், சமூகவியல் கதையின் உறுப்புகளைத் தெளிவாக விளக்குதல் பெறப்படும். ஆயினும், இவ்வளவோடு நிறுத்தும் ஆய்வாளர் கதையைப் பெருநகர வாழ்வின் சான்றேடாக மாற்றிவிடுவர். அங்ஙனமாயின், ஓர் ஊரின் கணக்கேடும் ஒரு சிறுகதையும் ஒரே தகுதியுடையன ஆகிவிடும்.

புதுமைப்பித்தன் கணக்கேட்டோடு கதையை முடித்தாரல்லர். பிள்ளையின் குழந்தை, தாத்தா ஊருக்குப் போய்விட்டாரா என்று வினவிக்கொண்டு வருவதோடு முடிக்கிறார். கதை முழுவதிலும் வந்தவர் யார் என்று ஐயுறாதவள் அக்குழந்தை ஒருத்தியே. அவள் காசை அளக்கவில்லை, வேடத்தை மதிப்பிடவில்லை, கொடைக்குக் கைம்மாறு எண்ணவில்லை. முறைப்பெயரை மட்டும் பெரியோரிடமிருந்து பெற்றாள். ஆனால், பெரியோருக்குச் சூழ்ச்சியாக இருந்த அப்பெயர் அவளுக்கு மெய்யாயிற்று. எட்டி நின்று வரம் தரலாமே அன்றி மக்களோடு உடன் வாழ இயலாது எனக் கண்டு கடவுள் நீங்கிய வீட்டில், அவர் இன்மையை உணர்பவள் அவளே. சிம்மலும் காஃப்மனும் மாஸும் தந்த கருவிகள் பதிவேட்டின் வரியை நன்கு விளக்கும். அவ்வரிக்குப் பின்னரும் கதை ஏன் தொடர்கிறது என்பதற்கு அவற்றில் விடையில்லை.

எனவே, சமூகவியலை ஒதுக்குவதும் தவறு. அதனையே முடிவாகக் கொள்வதும் தவறு. நாள்வாழ்வின் கணக்கை அதன் துணையால் முதலில் முழுமையாகப் பார்த்துவிடுதல் வேண்டும். அப்பொழுதுதான் கணக்கில் அடங்காது மிஞ்சுவது எது என்பது தெரியவரும். அம்மிச்சத்தைக் காட்டுதலே இலக்கியத் திறனாய்வின் கடன். சான்று தேடிச் சிறுகதைகளைப் புரட்டும் இளம் ஆய்வாளர், பிள்ளையின் பதிவேட்டைப் படித்து முடித்தபின், அறைக்குள் வரும் குழந்தையின் வினாவுக்கும் செவி கொடுப்பாராக.