அங்குருக்கு முந்தைய பதினைந்து ஆண்டுகள்

'விளம்பரப் படம் மாதிரி இருக்கிறது' என்பது தமிழ்த் திரை விமர்சனத்தில் இன்று சுலபமாகக் கைக்கு வரும் வசை. ஒரு சட்டகத்தில் ஒளி சீராக விழுந்துவிட்டால் போதும், இயக்குநருக்கு மேற்பரப்பு மட்டுமே தெரியும், வாழ்க்கை தெரியாது என்று தீர்ப்பு எழுதிவிடுகிறோம். இந்தத் தீர்ப்பை இந்திய சினிமாவின் வரலாறே மறுக்கிறது. சத்யஜித் ராய் 1943இல் கல்கத்தாவில் டி.ஜே. கீமர் விளம்பர நிறுவனத்தில் சேர்ந்தவர். அந்த வேலையில் இருந்துகொண்டேதான் பதேர் பாஞ்சாலியை எடுத்தார். ராய் மேதை, அவரைக் கணக்கில் சேர்க்கக் கூடாது என்பார்கள். சரி, ஷியாம் பெனகலைப் பார்ப்போம்.

2024 டிசம்பரில் அவர் மறைந்தபோது நான் வாசித்த அஞ்சலிகள் பலவும் அவருடைய முதல் கதைப்படமான அங்குரிலிருந்தே தொடங்கின. அதற்கு முந்தைய வாழ்க்கை ஒற்றை வாக்கியத்தில் முடிந்துபோனது. புகைப்படக்காரரின் மகன், குரு தத்தின் உறவினர், உஸ்மானியாவில் பொருளாதாரம் படித்தவர் என்பதெல்லாம் தெரிந்த செய்திகள். ஆனால் 1959இல் பம்பாய் லிண்டாஸில் விளம்பர வாசகம் எழுதச் சேர்ந்தவர், 1974இல் அங்குர் வெளிவரும்வரை விளம்பரங்களும் ஆவணப்படங்களுமாக எடுத்துக் குவித்தார். எண்ணிக்கை தொள்ளாயிரத்துக்கு மேல் என்பார்கள். அந்தப் பதினைந்து ஆண்டுகளை மன்னித்து மறக்க வேண்டிய இளமைப் பிழையாகவே நம் விமர்சகர்கள் கருதுகிறார்கள்.

அங்குருக்குப் பணம் எங்கிருந்து வந்தது? புதிய அலை என்றாலே அரசின் ஃபிலிம் ஃபைனான்ஸ் கார்ப்பரேஷன் வளர்த்த பிள்ளை என்று சொல்லிப் பழகிவிட்டோம். மிருணாள் சென்னின் புவன் ஷோமுக்கும் மணி கௌலின் உஸ்கி ரோட்டிக்கும் அது பொருந்தும். கல்லூரி நாட்களிலிருந்தே மனதில் சுமந்த கதையோடு தயாரிப்பாளர்களைத் தேடி அலைந்த பெனகலுக்குக் கடைசியில் கைகொடுத்தது, திரையரங்குகளுக்கு விளம்பரப் படங்களை விநியோகித்துவந்த ப்ளேஸ் நிறுவனம். ஒளிப்பதிவாளர் கோவிந்த் நிஹலானி, அவருடைய விளம்பரங்களில் உடன் உழைத்தவர். இசையமைப்பாளர் வன்ராஜ் பாட்டியா லண்டனிலும் பாரிஸிலும் மேற்கத்திய இசை பயின்று வந்து, ஜிங்கிள் போட்டுக்கொண்டிருந்தவர். பல ஆண்டுகள் இந்திய சினிமாவின் மிகச் சிறந்த குழுக்களில் ஒன்றாக இயங்கியவர்கள், சோப்புக்கும் துணிக்கும் படம் எடுத்த தளங்களில் கூடியவர்கள்.

அந்தத் தொழில் கற்றுக்கொடுத்தது பளபளப்பை அல்ல, சிக்கனத்தை. அங்குரில் பண்ணையார் மகன் சூர்யா, தாழ்த்தப்பட்ட சாதியில் பிறந்த லட்சுமியிடம் தேநீர் போட்டுத் தரச் சொல்கிறான். அவள் தயங்குகிறாள். தனக்குச் சாதியில் நம்பிக்கையில்லை என்கிறான். அந்தத் தேநீரிலேயே அவனுடைய தாராளமும், அதற்குள் பதுங்கியிருக்கும் பசியும், ஊரின் சட்டமும் வந்துவிடுகின்றன. அதற்குமேல் விளக்க ஒரு வசனம் கூடத் தேவைப்படவில்லை. கள் திருடியதற்காக மொட்டையடித்துக் கழுதைமேல் ஏற்றப்படும் கிஷ்டய்யா வாய்பேச முடியாதவன். அவனுக்காக இசை அழவில்லை. கடைசியில் சிறுவன் எறியும் கல்லும், திரை முழுவதும் பரவும் சிவப்பும் சில நொடிகளில் முடிந்துவிடுகின்றன. ஒரு நிமிடத்துக்குள் ஒரு பொருளைப் பேசவைத்துப் பழகிய கையால்தான் இப்படி வெட்ட முடியும்.

இந்த வாதத்துக்கு உரைகல் 1976இல் வந்த மந்தன். குஜராத்தின் பால் உற்பத்தியாளர்கள் ஐந்து லட்சம் பேர் ஆளுக்கு இரண்டு ரூபாய் போட்டு எடுத்த படம். வெளிப்படையாகப் பார்த்தால் இதுவே விளம்பரம்: கூட்டுறவு நல்லது, எல்லோரும் சேருங்கள். அதன் பாடல் பின்னாளில் அமுல் விளம்பரத்துக்கே போனது. ஆனால் விஜய் டெண்டுல்கரின் திரைக்கதையில் பால் எளிதில் திரளவில்லை. யார் பாலை யார் பாலோடு கலப்பது என்ற கேள்வியில் சாதி குறுக்கே நிற்கிறது. நகரத்திலிருந்து வரும் டாக்டர் ராவ் நல்லவர், ஆனால் அந்த ஊரைப் புரிந்துகொண்டவர் அல்ல. வேலை முடியுமுன்பே மாற்றலாகிப் போய்விடுகிறார். கூட்டுறவைத் தாங்கி நிற்பவன் நஸிருத்தீன் ஷா நடித்த கோபக்காரன் போலா. பணம் போட்டவர்களின் நோக்கத்துக்குத் துரோகம் செய்யாமலேயே, படித்த மீட்பன் என்ற கற்பனையை உடைத்துக் காட்டிய படம் இது. இதைச் செய்ய வாடிக்கையாளரைப் பகைக்கத் தெரிந்தால் போதாது. அவரோடு பல ஆண்டுகள் பேசிப் பழகியிருக்க வேண்டும்.

பெனகலின் மற்ற நாயகிகளான பூமிகாவின் உஷாவையும் மண்டியின் ருக்மிணி பாயையும் பற்றி நிறைய எழுதியாகிவிட்டது. எனக்கு வருத்தமளிப்பது பிற்காலம். மகாத்மா, நேதாஜி, கடைசியாக இந்தியாவும் வங்கதேசமும் கூட்டாகத் தயாரித்த முஜிப் (2023): இந்தப் படங்களில் கல் எறியும் சிறுவன் இல்லை. தலைவர்கள் நடக்கிறார்கள், கூட்டம் வணங்குகிறது, ஆண்டுகள் கடக்கின்றன. பெனகலின் கையை மழுக்கியது விளம்பரம் என்றால் அது 1974இலேயே தெரிந்திருக்கும். மழுக்கியது பக்தி. சோப்பு விற்பவர் பார்வையாளர் எழுந்து போய்விடுவாரோ என்று ஒவ்வொரு நொடியும் அஞ்சுகிறார். தேசத் தந்தையின் வரலாற்றுக்குப் பணம் தருபவருக்கு அந்த அச்சம் இல்லை. அரசுப் பணம் மட்டுமே குற்றவாளி என்று சொல்ல மாட்டேன், அரசு நிறுவனமான என்.எஃப்.டி.சி. உதவியில் வந்த சூரஜ் கா சாத்வான் கோடா (1992) ஒரே நிகழ்வைத் திருப்பித் திருப்பிக் காட்டி ஒவ்வொரு முறையும் நம்மை ஏமாற்றும் அற்புதம். அங்கே அவர் யாரையும் வணங்க வேண்டியிருக்கவில்லை.

2024இல் புதுப்பிக்கப்பட்ட மந்தன் கான் விழாவில் திரையிடப்பட்டது. அதே அக்கறை அவருடைய விளம்பரப் படங்களுக்கும் வேண்டும். எஞ்சியவற்றைத் தேடித் தொகுத்து, அங்குரோடு ஒரே மாலையில் நம் திரைப்படச் சங்கங்கள் காட்ட வேண்டும். விளம்பரத்திலிருந்து வருகிற இளம் இயக்குநரின் முதல் படத்துக்கு அதன்பிறகு விமர்சனம் எழுதலாம்.