கல்லில் வரைந்த வருணம்

புதுடில்லியின் எழிலைப் புகழாதார் இல்லை. அகன்ற சாலை, அணிவகுத்த மரங்கள், ஓங்கிய குவிமாடம்! ஆனால், தோழர்களே, அதன் வரைபடத்தை விரித்துப் பாருங்கள். 1911இல் அறிவிக்கப்பட்டு 1931இல் திறக்கப்பட்ட அந்நகரில், ரெய்சினாக் குன்றின்மீது 340 அறைகள் கொண்ட வைசிராய் மாளிகை. அடுத்து வெள்ளை அதிகாரிகளின் தோட்டம் சூழ்ந்த பங்களாக்கள். இந்தியக் குமாஸ்தாவுக்கோ தொலைவிலே சிறு குடியிருப்பு! நிறமும் பதவியும் பார்த்து மனை அளந்தனர். மனுவின் மாணவரோ லட்யன்ஸ் என்று ஐயுறத் தோன்றுகிறது!

சாலையின் சரிவு மாளிகையை மறைக்கிறதே என்று அவரும், தலைமைச் செயலகங்களைக் கட்டிய பேக்கரும் ஆண்டுக்கணக்கில் பூசலிட்டனர். குமாஸ்தாவின் தொலைவு குறித்தன்று அப்பூசல். 2022இல் ராஜ்பத், 'கர்த்தவ்ய பத்' ஆயிற்று. பங்களாக்களில் இன்று அமைச்சர்கள் வாழ்கின்றனர்.