பந்தைத் தொடராத கேமரா

ஜான் மெக்கன்ரோ என்ற இடக்கை ஆட்டக்காரர் பேச்சை எடுத்தாலே எல்லோருக்கும் அவருடைய கோபம்தான் நினைவுக்கு வருகிறது. 1984 பிரெஞ்சு ஓபன் இறுதியாட்டம் கைநழுவியதற்கும் அதையே காரணம் சொல்கிறார்கள். இது டிவி எழுதிய தீர்ப்பு. ஒளிபரப்புக் கேமரா பந்து ஓடும்வரை பந்தோடு ஓடும். பந்து நின்றதும் முகத்தை நெருங்கும். நாற்பது ஆண்டுகளாக அந்தச் சிவந்த முகத்தையே திருப்பித் திருப்பிப் போட்டு, ஆட்டத்தை மறக்கடித்துவிட்டார்கள்.

அவரைப் பற்றி ஜூலியன் ஃபரோ 2018-ல் எடுத்த ஆவணப்படத்தை டென்னிஸ் ரசிகர்கள் கட்டாயம் பார்க்க வேண்டும். வீரரை உட்காரவைத்துப் பேட்டி காணவில்லை அவர். பிரான்ஸ் டென்னிஸின் தொழில்நுட்ப இயக்குநராக இருந்த ஜில் டி கெர்மடெக், பயிற்சிப் படங்களுக்காக 16 மி.மீ. ஃபிலிமில் எடுத்து, பயன்படுத்தாமல் மிஞ்சிய சுருள்களைத் தேடி எடுத்தார். கெர்மடெக்கின் கேமரா பந்தின் பின்னால் போகவில்லை. எதிராளியைக்கூட அதிகம் காட்டவில்லை. ஒரே ஆள், தலை முதல் கால்வரை.

அதில் சர்வை மட்டும் பாருங்கள். இரண்டு பாதங்களும் பேஸ்லைனுக்கு ஏறக்குறைய இணையாக நிற்கின்றன. முதுகைப் பாதி எதிராளிக்குக் காட்டியபடி பந்தை உயர்த்துகிறார். எந்தப் பக்கம் போடப்போகிறார் என்பதை ராக்கெட் பந்தைத் தொடும் கணம்வரை அந்த உடம்பு காட்டிக்கொடுப்பதில்லை. பந்தை வாங்குபவர் தோளையும் பார்த்துக் கணிப்பார். இவர் தோளையே ஒளித்துவிடுகிறார்! அட்வான்டேஜ் கோர்ட்டில் எதிராளி வெளியே இழுபடும்போது இவர் வலையருகே போய்விடுகிறார். களிமண் தரையிலும் இதே துணிச்சல்தான். உயரத்திலிருந்து பார்க்கும் டிவி கேமராவில் இந்த நுணுக்கம் பிடிபடவே பிடிபடாது. ஸ்லோமோஷனில் ஓடும் அந்தப் பழைய ஃபிலிமில் பிடிபடுகிறது.

கோபத்தையும் இதே சுருள்களை வைத்துத்தான் எடைபோட வேண்டும். இறுதியாட்டத்தில் கேமராக்காரர் ஒருவரின் ஹெட்போனிலிருந்து கசிந்த சத்தத்துக்குச் சீறினாரே, அந்தக் காதுதான் எதிராளியின் ராக்கெட்டில் பந்து படும் ஓசையையும் கேட்டது. ஒன்றை விட்டு மற்றொன்று கிடைக்காது. அவர் தோற்றது கோபத்தால் என்பதை நான் ஒருநாளும் ஏற்கமாட்டேன்.

இனி என்ன ஆகும்? 2025-ல் விம்பிள்டனும் கோட்டு நடுவர்களை விலக்கிவிட்டது. வாக்குவாதம் குறையும், இரண்டு புள்ளிகளுக்கு நடுவில் வீரர் என்ன செய்கிறார் என்பதைப் பதிவுசெய்யும் அக்கறையும் அதோடு குறையும். ஹைலைட்ஸ் மட்டும் மலைபோல் சேரும். அதிலிருந்து உருப்படியான ஆவணப்படம் ஒன்றும் வராது என்றே கணிக்கிறேன். அடுத்த நல்ல டென்னிஸ் படம், பேஸ்லைனுக்குப் பின்னால் யாரோ ஒரு பயிற்சியாளர் முக்காலியில் நிறுத்திவிட்டு மறந்துபோன கேமராவிலிருந்து வரும். அதுவும் ஓர் இடக்கை ஆட்டக்காரரைப் பற்றியதாகத்தான் இருக்கும்.