நாகரஹொளேக்கு அப்புறம்தான் ஆட்டம்

ஸ்கோர் போர்டை மட்டும் பார்த்தால், காட்டுயிர்ப் படங்கள் எடுக்கும் சேகர் தத்தாத்ரியின் ஆட்டம் 1990களிலேயே உச்சம் தொட்டுவிட்டது. 13 வயதில் சென்னைப் பாம்புப் பண்ணைக்கு எடுபிடி வேலைக்குப் போன பையன். கேமராவைக் களத்தில் நின்றே கற்றுக்கொண்டார். இருளர்களின் பாம்புபிடி கூட்டுறவுச் சங்கம் பற்றிய 1987 படத்துக்குத் தேசிய விருது. பிறகு சைலன்ட் வேலி மழைக்காடு, நாகரஹொளே என வரிசையாகப் பேசப்பட்ட படங்கள். இந்த ஃபார்மைக் காட்டியே ஓய்வு வரை ஓட்டிவிடுபவர்கள் உண்டு.

என் கணக்கில் அவருடைய சிறந்த ஆட்டம் அதற்குப் பிறகுதான். டி.வி. சேனல்களுக்கான நீண்ட படங்களை விட்டுவிட்டு, முடிவெடுக்கும் இடத்தில் இருப்பவர்களுக்கான சின்னப் படங்களுக்கு மாறினார். 2001இல் குதிரேமுக் இரும்புச் சுரங்கம் பற்றி எடுத்தது அப்படி ஒன்று. மலையைச் சுரண்டிய மண் பத்ரா ஆற்றில் கலப்பதை அது காட்டியது. 2002இல் உச்ச நீதிமன்றம் சுரங்கத்தை மூடச் சொன்னது. 2005 இறுதியோடு வேலை நின்றது. கோல் அடித்தவர்கள் வழக்கு நடத்திய ஆர்வலர்கள். பந்தைச் சரியான காலில் சேர்த்ததில் இந்தப் படத்துக்குப் பங்குண்டு.

அடுத்து ஒடிசா கடற்கரையின் பங்குனி ஆமைகள் பற்றிய படம். ஆமை மூச்சு விட மேலே வந்தாக வேண்டும். இழுவலைக்குள் மாட்டினால் மூழ்கிச் செத்துப்போகும். கடலூர்க் கரையில் செத்து ஒதுங்கும் ஆமையைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

குறையும் சொல்லியாக வேண்டும். 2010இல் வந்த புலிப் படத்தின் டிவிடியை இலவசமாகவே கொடுத்தார். நோக்கம் பெரிது. ஆனால் பழைய படங்களில் விலங்கைத் தன் போக்கில் வாழ விட்டுக் காத்திருந்த பொறுமை, பிரசாரம் கூடக் கூடக் குறைகிறது. நான் இழப்பாக நினைப்பது அதைத்தான்.

அந்தப் பொறுமைக்கு ஏற்ற ஆடுகளம் நம் கிள்ளைக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. 2022இல் ராம்சர் பட்டியலில் ஏறிய பிச்சாவரம் அலையாத்திக்காடு, கேமராக்காரர்களுக்கு இன்னமும் 'இதயக்கனி' படத்தின் லொக்கேஷன்தான். வெள்ளாறும் கொள்ளிடமும் கொண்டுவரும் வண்டலில் தண்ணீர் கலங்கியே கிடக்கும். பவளப்பாறையில் மீனைப் படம் பிடிக்கிற மாதிரி கேமராவோடு முங்கினால் கண்ணில் படுவது பழுப்பு மட்டுமே. தண்ணீர் வற்றும் நேரத்தில் சேற்றுமட்டத்துக்கு லென்ஸை இறக்க வேண்டும். ஆண் நண்டு தன் பெருத்த ஒற்றைக் கொடுக்கை உயர்த்தி உயர்த்தி ஆட்டும். பக்கத்தில், துடுப்பையே முழங்கையாக ஊன்றி ஒரு மீன் தத்தும். ஆள் நிழல் பட்டால் நண்டு அத்தனையும் வளைக்குள். மறுபடி தலைகாட்டும் வரை அசையாமல் உட்கார வேண்டும்.

அப்படி யாராவது உட்கார்ந்து எடுத்தால், முதல் காட்சியைக் கிள்ளை பேரூராட்சி அலுவலகத்தில் போடட்டும். சேனலுக்கு அப்புறம் கொடுக்கலாம்.