பேசத் தெரிந்தவரின் மௌனம்

'எந்த வேஷம் கொடுத்தாலும் செய்துவிடுவார்' என்று ஒரு நடிகரைப் பற்றிச் சொல்வதைப் பெரிய புகழ்ச்சியாக நாம் எண்ணிக்கொண்டிருக்கிறோம். யோசித்துப் பார்த்தால், இதில் கொஞ்சம் அலட்சியமும் கலந்திருக்கிறது. எது கேட்டாலும் இருக்கிறது என்று சொல்லும் மளிகைக் கடைக்காரரைப் பாராட்டுகிற மாதிரிதான் இதுவும். அவரிடம் எந்தச் சரக்கு உயர்த்தி என்று நாம் விசாரிப்பதில்லை. பிரகாஷ்ராஜ் விஷயத்தில் தமிழ் ரசிகர்கள் சுமார் முப்பது வருஷங்களாக இப்படித்தான் நடந்துகொண்டு வருகிறார்கள். அவருடைய உயர்ந்த சரக்கைப் பார்க்க வேண்டுமானால், காஞ்சிபுரத்துத் தறி ஒன்றின் முன்னால் அவரை உட்கார வைத்த படத்துக்குத்தான் போக வேண்டும்.

காஞ்சிபுரத்தில் நெய்யும் பட்டுக்கு நூல் பெரும்பாலும் கர்நாடகத்திலிருந்து வருகிறது. இந்த நடிகரும் அங்கிருந்து வந்தவர்தான். 1965-ல் பெங்களூரில் பிறந்தார். கன்னட நாடக மேடையிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் பழகினார். 1994-ல் கே. பாலசந்தர் 'டூயட்' படத்தின் மூலம் அவரைத் தமிழுக்குக் கொண்டுவந்தார். அடுத்த வருஷமே வஸந்தின் 'ஆசை' வந்தது. மனைவியின் தங்கையை அடைவதற்காகக் கொலைக்கும் துணிகிற ராணுவ அதிகாரி அதில் அவர். உறவுக்காரர்கள் மெச்சும்படி பேசுகிற மனிதர், அந்தப் பேச்சினாலேயே நம்மை நடுங்க வைத்தார். பாலசந்தரின் 'கையளவு மனசு' தொலைக்காட்சித் தொடரிலும் நடித்தார். 1997-ல் மணிரத்னத்தின் 'இருவர்' படத்தில் தமிழ்ச்செல்வனாக வந்து, துணை நடிகருக்கான தேசிய விருதைப் பெற்றார். தமிழைப் பிற்பாடு கற்றுக்கொண்ட ஒருவர், தமிழ்ப் பேச்சினாலேயே நாட்டை ஆள வந்த ஒரு தலைவரின் சாயலில் நடித்து அந்த விருதை வாங்கினார் என்பது சாமானிய விஷயமில்லை.

ஆக, குரல்தான் அவருடைய மூலதனம். சினிமா உலகம் அதைச் சீக்கிரமே கண்டுகொண்டது. 2004-ல் 'கில்லி' வந்தது. மதுரை முத்துப்பாண்டி 'செல்லம்' என்று இழுத்த அந்த ஒரு சொல் தெருவெல்லாம் ஒலித்தது. அதன்பின் தமிழ், தெலுங்கு, இந்தி என்று எந்தப் பாஷையில் முரட்டு வில்லன் வேண்டுமானாலும் அவர் பெயர்தான். 2010-ல் 'சிங்கம்' படத்தில் செய்த வில்லனையே 2011-ல் இந்தி 'சிங்கம்' படத்திலும் செய்தார். குறை சொல்ல இதில் ஒன்றுமில்லை, பிழைப்பும் பிழைப்புதானே!

இத்தாலியில் ஜியான் மரியா வொலொன்டே என்று ஒரு நடிகர் இருந்தார். செர்ஜியோ லியோனின் துப்பாக்கிப் படங்களில் 1964-லும் 1965-லும் கொடிய வில்லனாக வந்தவர். அவரே 1971-ல், எலியோ பெட்ரியின் படமொன்றில், இயந்திரத்தோடு இயந்திரமாகிப்போன ஆலைத் தொழிலாளியாக நடித்தார். வில்லனாக இருந்தபோது வெளியே சீறிய வேகம், தொழிலாளியானதும் உள்ளே திரும்பி அந்த மனிதனையே தின்றது. பிரகாஷ்ராஜுக்கு அப்படி வாய்த்த வேஷம் 'காஞ்சிவரம்'.

பிரியதர்ஷன் எடுத்த இந்தப் படம் 2009 மார்ச்சில் திரைக்கு வந்தது. கதை சுதந்திரத்தை ஒட்டிய காலத்தில் நடக்கிறது. வேங்கடம் என்ற நெசவாளி, பிறந்த பெண்குழந்தையின் காதில் ஒரு வாக்குக் கொடுக்கிறான்: 'உன்னைப் பட்டுச்சேலை கட்டித்தான் புருஷன் வீட்டுக்கு அனுப்புவேன்.' நாளெல்லாம் பட்டு நெய்கிற கைக்கு, ஒரு பட்டுச்சேலை எட்டாத பொருள். அதனால் முதலாளியின் தறிக் கூடத்திலிருந்து நூலை வாய்க்குள் அடக்கித் திருடிக்கொண்டு வந்து, வீட்டில் ஒளித்து நெய்கிறான்.

இந்த இடத்தைத்தான் வாசகர்கள் கவனிக்க வேண்டும் என்கிறேன். குரலை வைத்தே பெயர் வாங்கிய நடிகரின் வாயில் நூலைத் திணித்து, வாயைப் பூட்டிவிட்டார்கள். மிஞ்சியிருப்பவை கண்ணும், கழுத்தும், தாடையும், நடையும்தான். வாசலைத் தாண்டும்வரை அந்த உடம்பு படுகிற பாடு, பத்துப் பக்க வசனத்தில் வராது. கோர்வைச் சேலையை ஒருவர் தனியாக நெய்துவிட முடியாது. கரை நாடாவைத் தள்ளப் பக்கத்தில் இன்னொருவர் வேண்டும் என்பது காஞ்சிபுரத்துக்காரர்களுக்குத் தெரியும். துணையோடு செய்கிற தொழிலைத் திருட்டு வேலையாக்கித் தனியே செய்கிறான் இவன். அந்தத் தனிமையும் அவர் முகத்தில் இருக்கிறது.

இதே வேங்கடம் கூலிக்காகத் தோழர்களைத் திரட்டி வேலைநிறுத்தம் நடத்துகிறான். மகளின் கல்யாணம் நெருங்குகிறது, சேலை முடியவில்லை, கூடம் திறந்தால்தான் நூல். ஆகவே, தான் தொடங்கிய போராட்டத்தைத் தானே முடிக்கச் சொல்கிறான். பேச்சில் கெட்டிக்காரரான நடிகருக்கு இது கைதட்டல் வாங்கும் சந்தர்ப்பம். அவர் அதை வேண்டாமென்று ஒதுக்கிவிட்டு, சொல்வதைத் தானே நம்பாத மனிதனாக நிற்கிறார்.

படத்தில் குறை உண்டு. துன்பத்தின்மேல் துன்பமாக அடுக்கிக்கொண்டே போகிறார்கள். மனைவி சாகிறாள், அவன் ஜெயிலுக்குப் போகிறான், மகள் கிணற்றில் விழுந்து முடமாகிறாள், கடைசியில் அவனே அவளுக்கு விஷம் வைக்கிறான். இன்னொரு நடிகராக இருந்தால் ஒவ்வொன்றுக்கும் ஒரு முறை அழுது தீர்த்திருப்பார். நாமும் அழுதுவிட்டு, மனசு லேசாகி வீடு திரும்பியிருப்போம். இவர் அந்தச் சௌகரியத்தை நமக்குத் தரவில்லை. நெய்து முடியாத பட்டுத்துண்டை மகளின் உடல்மேல் போர்த்துகிறார். முகத்தை மூடினால் கால் தெரிகிறது. காலை மூடினால் முகம் தெரிகிறது. மாறி மாறி இழுக்கிற அந்தக் கைகளை மறக்க முடியாது.

அதற்குச் சில மாதங்களுக்கு முன்தான், 2008 டிசம்பரில், ராதாமோகனின் 'அபியும் நானும்' வந்திருந்தது. மகளைக் கட்டிக்கொடுக்க மனமில்லாமல் தவிக்கிற வசதியான அப்பா அதில் அவர். அங்கே ஓயாமல் பேசினார். நாமும் சிரித்துச் சிரித்துக் கண்கலங்கினோம். இரண்டிலும் ஒரு தகப்பன், ஒரு மகள், ஒரு கல்யாணம். ஒருவருக்கு எல்லாம் இருக்கிறது, மகளை விட மனசில்லை. மற்றவனுக்கு மனசு நிறைய இருக்கிறது, சேலை இல்லை. பல வேஷம் போடும் திறமை என்றால் இதைத்தான் சொல்ல வேண்டும். மீசையையும் பாஷையையும் மாற்றுவதைவிட, ஒரே பாசத்தைப் பணக்காரனும் ஏழையும் எப்படிச் சுமக்கிறார்கள் என்று காட்டுவது கஷ்டமான வேலை.

'காஞ்சிவரம்' 2007-ம் வருஷத்துக்கான தேசிய விருதுகளில் சிறந்த படமாகவும், அவர் சிறந்த நடிகராகவும் தேர்வு பெற்றார்கள். சர்க்கார் தன் கடமையைச் செய்துவிட்டது. ரசிகர்களாகிய நாம் என்ன செய்தோம்? 2024-ல் 'கில்லி' மறுபடியும் திரைக்கு வந்தபோது கொட்டகைகள் நிரம்பி வழிந்தன. நல்ல பொழுதுபோக்குப் படம்தான். போய்ப் பார்த்தவர்கள்மேல் எனக்குக் கோபமில்லை. ஆனால், நாம் எதைக் கேட்டு வாங்குகிறோமோ அதைத்தான் தறியில் ஏற்றுவார்கள். இவ்வளவு பெரிய நடிகரிடம் 'செல்லம்' என்ற ஒரு சொல்லையே திரும்பத் திரும்பக் கேட்டுக்கொண்டிருந்தால், நஷ்டம் அவருக்கில்லை; நமக்குத்தான்.